எராஸ்மஸா, ஹுட்டனா, ரப்லேயா: முதலில் எதைப் படிப்பது?

மறுமலர்ச்சிக் கால ஐரோப்பாவில் திருச்சபையையும் சமூகத்தையும் கிண்டலடித்து எழுதியவர்களில் ஒருவரைப் படிக்கத்தான் நேரம் இருக்கிறது, யாரை எடுக்கலாம் என்று கேட்டால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: டச்சு அறிஞர் எராஸ்மஸின் 'மூடத்தனத்தின் புகழுரை'. உலக வரலாறு படித்தவர்களுக்கு அந்தப் பெயர் மனப்பாடம். வாங்கி அலமாரியில் வைத்தவர்களும் உண்டு. முப்பது பக்கம் தாண்டினீர்களா என்று கேட்டால்தான் பேச்சு மாறும். அந்தப் புத்தகத்தில் குறையில்லை. முதலில் எடுக்க வேண்டியது அதுவல்ல என்பதுதான் என் கட்சி.

ஐந்து நூல்களைப் போட்டியில் வைத்துக்கொள்வோம். செபாஸ்டியன் பிரான்டின் 'முட்டாள்களின் கப்பல்' (1494). எராஸ்மஸின் 'மூடத்தனத்தின் புகழுரை' (1511). க்ரோட்டஸ் ருபியானஸும் உல்ரிக் ஃபான் ஹுட்டனும் பெயர் போடாமல் எழுதிய 'பெயர் தெரியாதவர்களின் கடிதங்கள்' (1515, 1517). மறுபடியும் எராஸ்மஸ், இந்த முறை 'உரையாடல்கள்' (1518இல் தொடங்கி 1533 வரை வளர்ந்தது). கடைசியாக பிரான்சுவா ரப்லேயின் இராட்சதக் கதைகள், 'பந்தாகுருவேல்' (1532), 'கர்கன்துவா' (1534). தாமஸ் மோரின் 'உட்டோபியா'வை வேண்டுமென்றே விட்டுவிட்டேன். அதன் முதல் பாகத்தில் அருமையான நையாண்டி இருக்கிறது. ஆனால் அதை எடுப்பவர்கள் ஒரு லட்சிய நாட்டைத் தேடி எடுக்கிறார்கள், சிரிப்பதற்காக இல்லை.

ஒப்பிடும் முன் ஒரு விஷயத்தைச் சரி செய்துகொள்ள வேண்டும். இவர்கள் யாரும் நாத்திகர்கள் இல்லை. எராஸ்மஸ் 1492இல் குருப்பட்டம் பெற்றவர். அவருடைய அப்பாவே ஒரு பாதிரியார் என்பது வேறு கதை. ரப்லே பிரான்சிஸ்கன் துறவியாக ஆரம்பித்து பெனடிக்டைன் சபைக்கு மாறி, பிறகு மருத்துவரானவர். மோருக்கு 1935இல் புனிதர் பட்டமே கிடைத்துவிட்டது. கிரேக்க, லத்தீன் மூல நூல்களை நேராகப் படித்தவர்கள், அந்தப் படிப்பின் வெளிச்சத்தில் தங்கள் சொந்த வீட்டைப் பார்த்துச் சிரித்தார்கள். மதத்தை ஒழிக்கப் புறப்பட்டவர்கள் என்று எண்ணிக்கொண்டு உள்ளே போனால் பாதி நகைச்சுவை பிடிபடாது.

இன்னொன்று தேதி. 1517இல் ஜெர்மன் துறவி லூதர் பாவமன்னிப்புச் சீட்டு விற்பனையை எதிர்த்துக் கிளம்பினார். அதற்கு முன் ஒரு துறவியைக் கிண்டலடித்தால் அது வெறும் கிண்டல். அதற்குப் பிறகு அதே கிண்டல், "நீ யார் பக்கம்?" என்ற விசாரணையாக மாறிவிடும். ஐந்து நூல்களில் இரண்டு முழுக்க அந்த ஆண்டுக்கு முந்தியவை, இரண்டு பிந்தியவை, 'கடிதங்கள்' சரியாக அந்த விளிம்பில் நிற்கிறது.

நான் அளந்து பார்க்கும் கோல் எளிது: கிண்டல் யார் வாயிலிருந்து வருகிறது? நூலாசிரியர் எந்த முகமூடியைப் போட்டுக்கொண்டார் என்பதைப் பொறுத்துத்தான் அவருக்கு வந்த ஆபத்து, நமக்கு வரும் சிரிப்பு இரண்டுமே. அதோடு, எவ்வளவு பின்னணி தெரிந்திருக்க வேண்டும், மொழிபெயர்ப்பில் எவ்வளவு உதிர்ந்துபோகும் என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். நம்மில் பெரும்பாலோர் இவற்றை ஆங்கிலம் வழியாகத்தானே படிக்கப்போகிறோம்.

பிரான்டிடம் முகமூடி கிடையாது. அவர் சட்டம் படித்த டாக்டர். நூலும் குற்றப்பத்திரிகை மாதிரிதான் இருக்கும். 1494இல் பாசல் நகரத்தில், தவக்காலத்துக்கு முந்தைய கேளிக்கைக் காலத்தில் வெளிவந்தது. 112 அதிகாரங்கள், ஒவ்வொன்றிலும் ஒரு வகை முட்டாள். ஜெர்மன் மொழியில், ஊர்க்காரர்கள் படிக்கிற மாதிரி ஈரடிச் செய்யுளில் எழுதினார். அதிகாரத்துக்கு ஒரு மரச்செதுக்குப் படம். அவற்றில் பல, அப்போது இளைஞராக இருந்த ஓவியர் ட்யூரர் செய்தவை என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். படங்கள்தான் உயிர். கப்பலில் முதல் இடம் புத்தக முட்டாளுக்கு: மூக்குக் கண்ணாடி, மணி தொங்கும் குல்லாய், சுற்றிலும் அடுக்கடுக்காகப் புத்தகம், கையில் ஈ ஓட்ட ஒரு துடைப்பம். படிப்பதில்லை, ஈ ஒட்டாமல் பார்த்துக்கொள்கிறான், அவ்வளவுதான். புத்தகம் வாங்கும் பழக்கம் உள்ளவர்கள் அந்தப் படத்தைக் கொஞ்சம் நேரம் பார்க்கலாம்.

ஆனால் இருபது அதிகாரத்துக்கு மேல் தாங்காது. கப்பல் எங்கேயும் போகாது, கதை நகராது. ஆசிரியர் மேடையில் நின்று ஒவ்வொருவராக விரல் நீட்டுகிறார். தன்னையும் முட்டாள்களில் ஒருவனாகச் சேர்த்துக்கொள்ளத்தான் செய்கிறார், ஆனாலும் குரல் என்னவோ பிரசங்கக் குரல்தான். 1497இல் யாகோப் லோகர் லத்தீனில் ஆக்கிய பிறகு ஐரோப்பா முழுக்கப் போனது. ஆங்கிலத்தில் எட்வின் செய்டெல் 1944இல் செய்த மொழிபெயர்ப்பு கிடைத்தால் படங்களுக்காகப் புரட்டுங்கள். இது புரட்டும் நூல். முதலில் படிக்கும் நூல் இல்லை.

இப்போது முன்னணிப் போட்டியாளருக்கு வருவோம். எராஸ்மஸ் 1506 நவம்பரில் இத்தாலியில் போலோனியா நகரத்தில் இருந்தார். அப்போது போப் இரண்டாம் ஜூலியஸ் அந்த நகரத்தை வென்று, ரோமப் பேரரசர் மாதிரி வெற்றி ஊர்வலமாக உள்ளே வந்தார். கிறிஸ்துவின் பிரதிநிதி படையோடு ஊருக்குள் வரும் காட்சி எராஸ்மஸின் மனதை விட்டுப் போகவே இல்லை. 1509இல் ஆல்ப்ஸ் மலையைக் குதிரையில் கடந்து இங்கிலாந்துக்குப் போனார். லண்டனில் மோரின் வீட்டில் தங்கினார். புத்தகப் பெட்டிகள் இன்னும் வந்து சேரவில்லை, சிறுநீரக வலி வேறு. அந்த ஓய்வில் சுமார் ஒரு வாரத்தில் எழுதி முடித்ததாக அவரே சொல்கிறார்.

முகமூடி பிரமாதம். மேடையில் ஏறிப் பேசுவது மூடத்தனம் என்கிற பெண் தெய்வம். அப்பா செல்வக் கடவுள், வளர்த்த தாதிகள் குடிவெறியும் அறியாமையும். தன்னைத் தானே புகழ்கிறாள்: நான் இல்லாவிட்டால் எவன் கல்யாணம் செய்துகொள்வான், எந்த நட்பு நிலைக்கும், எந்தக் கிழவனுக்கு வாழப் பிடிக்கும்? கேட்பவர் கோபப்பட்டால் எராஸ்மஸ் தோளைக் குலுக்கிவிடலாம்: நானா சொன்னேன், மூடத்தனம் அல்லவா சொன்னது? 1514இல் லூவெய்ன் இறையியலாளர் மார்ட்டன் ஃபான் டோர்ப் கடிந்து எழுதியபோது, பக்தி நூலில் நேராகச் சொன்னதைத்தான் இங்கே சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கிறேன் என்று பதில் போட்டார். அந்தப் பதில் உண்மையும்கூட.

பிரச்சினை என்னவென்றால், நூல் மூன்று கியரில் ஓடுகிறது. முதல் பாகம் விளையாட்டுப் பேச்சு. வரிக்கு வரி கிரேக்க, ரோமப் பெயர்கள். அந்தக் காலத்துப் படித்தவர்களுக்கு அது கொண்டாட்டம், நமக்கு அடிக்குறிப்பு. முப்பது பக்கத்தில் கழன்றுகொள்கிறவர்கள் கழன்றுகொள்வது இங்கேதான். இரண்டாம் பாகத்தில் வண்டி திடீரென்று வேகம் எடுக்கிறது: இலக்கண வாத்தியார், வக்கீல், தத்துவவாதி, இறையியலாளர், துறவி, அரசன், கர்தினால், போப் என்று ஒவ்வொருவராக மாட்டுகிறார்கள். இறையியலாளர்கள் தாடியைத் தடவிக்கொண்டு ஆராய்கிறார்கள்: கடவுள் ஒரு சுரைக்காயாக அவதரித்திருக்க முடியுமா? முடிந்தால் அந்தச் சுரைக்காய் எப்படிப் போதித்திருக்கும், எப்படிச் சிலுவையில் அறைந்திருப்பார்கள்?

துறவிகள் பகுதிதான் நூலின் உச்சம். கடைசித் தீர்ப்பு நாளில் வரிசையாக வந்து நிற்கிறார்கள். ஒருவர் விதவிதமான மீன் தின்று உப்பிய வயிற்றைக் காட்டுகிறார். இறைச்சியைத் தொடாத விரதத்துக்கு அது சாட்சி. இன்னொருவர் நூறு மரக்கால் சங்கீதத்தைக் கொட்டுகிறார். அறுபது வருடமாகக் காசு கையில் பட்டதில்லை, இரண்டு கையுறை மாட்டிக்கொண்டுதான் தொட்டேன் என்கிறார் வேறொருவர். கடைநிலைப் படகோட்டிகூடப் போடக் கூசும் அழுக்கு அங்கியைப் பெருமையாகத் தூக்கி வருகிறார் மற்றொருவர். கிறிஸ்து நடுவில் நிறுத்தி, நான் கொடுத்தது அன்பு என்ற ஒரே கட்டளை, அதைப் பற்றி மட்டும் யாரும் வாய் திறக்கவில்லையே என்று கேட்கிறார். ஐநூறு வருடம் கழித்தும் எந்த மடத்தின் வாசலில் வேண்டுமானாலும் இதை உரக்கப் படிக்கலாம்.

அப்புறம் மூன்றாம் பாகம். சிரிப்பு அடங்கி, பைபிளில் பவுல் சொன்ன சிலுவையின் மடமைக்கு வந்துவிடுகிறாள் மூடத்தனம். உண்மையான கிறிஸ்தவனே உலகத்தின் கண்ணுக்கு முட்டாள்தான் என்கிறாள். எராஸ்மஸ் நெஞ்சாரச் சொன்ன இடம் இது. நகைச்சுவை தேடி வந்தவருக்கு இங்கே மூச்சு முட்டும். ஆக, இது சிறந்த நூல், ஆனால் நுழைவாசல் தப்பான இடத்தில் இருக்கிறது. வாங்கி வைத்திருப்பவர்கள் முதல் பாகத்தை விட்டுவிட்டு இலக்கண வாத்தியார்கள் வரும் இடத்திலிருந்து ஆரம்பிக்கட்டும். 1515இல் பாசல் நகரத்துப் பள்ளி ஆசிரியர் ஒருவரின் பிரதியில், பதினெட்டு வயதை ஒட்டிய ஓவியர் ஹான்ஸ் ஹோல்பைன் ஓரங்களில் பேனாவால் படம் வரைந்திருக்கிறார். அந்தப் படங்களோடு வரும் பதிப்பு கிடைத்தால் விடாதீர்கள்.

'பெயர் தெரியாதவர்களின் கடிதங்கள்' இந்த ஐந்தில் மிகவும் துணிச்சலான உத்தி. பின்னணி இது: யூத மதத்திலிருந்து கிறிஸ்தவத்துக்கு மாறிய யோகான்னஸ் ஃபெஃபர்கோர்ன், யூதர்களின் நூல்களைப் பறிமுதல் செய்ய 1509இல் பேரரசர் மாக்சிமிலியனிடம் ஆணை வாங்கினார். கொலோன் நகரத்து டொமினிக்கன் துறவற சபையினர் அவருக்குத் தோள் கொடுத்தார்கள். எபிரேய மொழி அறிஞர் ராய்க்லின் 1510இல், அந்த நூல்களை அழிக்கக் கூடாது என்று கருத்துச் சொன்னார். வழக்கு, துண்டறிக்கை, விசாரணை என்று வருடக்கணக்கில் இழுத்தது. தனக்கு ஆதரவாக அறிஞர்கள் எழுதிய கடிதங்களைத் தொகுத்து 'புகழ்பெற்றவர்களின் கடிதங்கள்' என்று ராய்க்லின் 1514இல் வெளியிட்டார். அதற்கு எதிர்ப்பாட்டு மாதிரி, எதிர்த்தரப்பினரே எழுதியதுபோல் ஒரு கடிதத் தொகுப்பு வந்தது. எல்லாம் கொலோன் பேராசிரியர் ஓர்ட்வின் கிராட்டியஸுக்கு அவருடைய 'சீடர்கள்' எழுதியவை.

இங்கே கிண்டல் வருவது கிண்டலுக்கு ஆளானவர்களின் வாயிலிருந்தே. ஆசிரியர் ஒரு சொல்கூடச் சேர்ப்பதில்லை. ஒருவர் ரோமிலிருந்து எழுதுகிறார்: விடுதியில் முட்டையை உடைத்தேன், உள்ளே குஞ்சு. கூட இருந்தவர், சீக்கிரம் முழுங்கு, விடுதிக்காரன் பார்த்தால் கோழிக்குக் காசு கேட்பான் என்றார். முழுங்கிவிட்டேன். அப்புறம்தான் ஞாபகம் வந்தது, அன்று வெள்ளிக்கிழமை, இறைச்சி தொடக் கூடாத நாள்! பிறக்காத குஞ்சு இறைச்சியில் சேராது, பாலாடைக்கட்டியில் புழு இருப்பதில்லையா என்கிறார் நண்பர். ஆனால் புழுவெல்லாம் மீன் கணக்கு என்று ஒரு வைத்தியர் சொல்லியிருக்கிறார். குஞ்சு அப்படி இல்லையே! இது நரகத்தில் தள்ளும் சாவான பாவமா, அற்பப் பாவமா, தயவுசெய்து எழுதுங்கள் என்று கேட்கிறார். இன்னொருவர் பிராங்க்ஃபர்ட்டில் கறுப்பு அங்கி போட்ட இருவரைப் பேராசிரியர்கள் என்று எண்ணித் தொப்பியைக் கழற்றி வணங்கிவிட்டார். யூதர்கள் என்று தெரிந்ததும், இந்தப் பாவத்தை மன்னிக்க ஆயர் போதுமா, போப்பிடமே போக வேண்டுமா என்று தவிக்கிறார்.

இதை நிஜக் கடிதங்கள் என்றே எண்ணி மகிழ்ந்தவர்கள் உண்டு. படித்தவர்கள் வேடிக்கையாகவும் படிக்காதவர்கள் உள்ளபடியும் ரசிக்கிறார்கள் என்கிற அர்த்தத்தில் மோர் 1516இல் எராஸ்மஸுக்கு எழுதினார். 1517இல் போப் பத்தாம் லியோ நூலைக் கண்டித்தார். ஆனாலும் முதல் நூலாக இதைச் சொல்ல மாட்டேன். நகைச்சுவையின் பாதி அந்த ஓட்டை லத்தீனில் இருக்கிறது. ஜெர்மன் வாக்கியத்தை அப்படியே லத்தீன் சொற்களில் போட்டுவிட்டுப் பெருமைப்படும் அரைப் படிப்பு. ஃபிரான்சிஸ் ஸ்டோக்ஸ் 1909இல் ஆங்கிலத்தில் கவனமாகச் செய்திருக்கிறார், ஆனாலும் ஒழுங்கான ஆங்கிலத்தில் அந்த ஓட்டை அடைபட்டுப்போகிறது. முதல் தொகுதியில் 41 கடிதங்கள், இரண்டாவதில் 62. பத்தைப் படித்தால் உத்தி புரிந்துவிடும், மீதியில் அதேதான். இன்னொரு கசப்பும் உண்டு. யூத நூல்களைக் காக்கும் தரப்பின் நூல் இது, ஆனால் ஃபெஃபர்கோர்னின் யூதப் பிறப்பையும் அவர் மனைவியையும் கேவலப்படுத்தும் வரிகள் நிறைய. நூல்களைக் காப்பாற்றியவர்கள் அந்த மக்களை மதித்தார்கள் என்று நம்ப இடமில்லை.

ரப்லேயை முடித்துவிட்டு என் தேர்வுக்கு வருகிறேன். ரப்லேயிடம் எல்லோரும் ஒரே நேரத்தில் சத்தமாகப் பேசுகிறார்கள். லியோன் நகரத்து மருத்துவமனையில் மருத்துவராக இருந்தபோது, தன் பெயரின் எழுத்துகளைக் கலைத்துப் போட்டு வேறு பெயரில் 'பந்தாகுருவேல்' வெளியிட்டார். பிரெஞ்சு மொழி, இராட்சதர்கள், குடி, சாப்பாடு, மலம், மூத்திரம், பக்கம் பக்கமாகப் பட்டியல். கர்கன்துவா பாரிஸின் நோத்ர்தாம் பேராலய மணிகளைக் கழற்றித் தன் குதிரையின் கழுத்தில் கட்டப் பார்க்கிறான். மணியைத் திரும்பக் கேட்க இறையியல் பண்டிதர் ஒருவர் வருகிறார். இருமலும் அரைகுறை லத்தீனுமாக நீண்ட சொற்பொழிவு ஆற்றுகிறார். மணியை ஏற்கெனவே கொடுத்தனுப்பிவிட்டார்கள் என்பது அவருக்கு மட்டும் தெரியாது. இன்னொரு இடத்தில் எதிரிப்படை மடத்தின் திராட்சைத் தோட்டத்தைச் சூறையாடும்போது துறவிகள் உள்ளே கூடிப் பாட்டுப் பாட, ழான் என்ற துறவி மட்டும் சிலுவைக் கம்பை எடுத்துக்கொண்டு வெளியே வந்து வெளுத்து வாங்குகிறார்.

இந்த மாதிரி உடம்புக் கிண்டல் பிடிக்கும், வளவளப்பையும் பொறுத்துக்கொள்வேன் என்பவர்கள் என் பேச்சைக் கேட்காமல் நேராக ரப்லேயிடமே போகலாம். முதல் இரண்டு நூல்கள் போதும். தாமஸ் அர்கார்ட்டின் 1653 மொழிபெயர்ப்பு இலவசமாகக் கிடைக்கிறது. ரப்லே ஒன்று சொன்னால் அவர் மூன்று சொல்வார். அதில் ஒரு சுகமும் இருக்கிறது, ஆனால் புதிதாக வருபவருக்கு மைக்கேல் ஸ்க்ரீச்சின் மொழிபெயர்ப்பு நல்லது.

என் ஓட்டு எராஸ்மஸின் 'உரையாடல்கள்' நூலுக்கு. 1490களின் கடைசியில் பாரிஸில் டியூஷன் எடுத்துப் பிழைத்த காலத்தில், மாணவர்கள் லத்தீனில் பேசிப் பழகச் சின்னச் சின்ன வாக்கியங்களை எழுதிக் கொடுத்தார். இருபது வருடம் கழித்து, 1518இல், அவரைக் கேட்காமலேயே அச்சாகிவிட்டது. திட்டித் தீர்த்தார், பிறகு தானே கையில் எடுத்துத் திருத்தி, கூட்டி, பெருக்கிக்கொண்டே போனார். பள்ளிக்கூடப் பையன்களின் லத்தீன் பாடநூல் என்ற போர்வையில் சத்திரம், கல்யாணம், விரதம், போர், சாவு என்று எல்லாம் உள்ளே வந்துவிட்டன. 1526இல் பாரிஸ் இறையியல் பீடம் கண்டித்தது. பையன்கள் கெட்டுப்போவார்கள் என்ற பயம்தான். வீண் பயம் என்று சொல்ல முடியாது.

முகமூடி இங்கே மிக மெல்லியது: இரண்டு பேர் பேசிக்கொள்கிறார்கள். ஒருவர் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர், ஒருவர் கேட்பவர். அதனால்தான் மொழிபெயர்ப்பில் அதிகம் உதிர்வதில்லை. அடிக்குறிப்பும் கொஞ்சம்தான் தேவை. ஒவ்வொன்றும் ஒரே அமர்வில் முடியும். மூன்றைச் சொல்கிறேன்.

முதலாவது 'கப்பல் உடைதல்' (1523). புயலில் கப்பல் தத்தளிக்கிறது, ஆளாளுக்கு நேர்ச்சை. ஒருவன் இங்கிலாந்தின் வால்சிங்காம் மாதாவுக்குத் தங்க மலையையே தருவதாகச் சொல்கிறான். பாரிஸ் பெரிய கோயிலில் நிற்கும் புனித கிறிஸ்டோபருக்கு அவர் உயரத்துக்கே ஒரு மெழுகுதிரி தருகிறேன் என்று இன்னொருவன் தொண்டை கிழியக் கத்துகிறான். பக்கத்தில் இருப்பவன் முழங்கையால் இடித்து, உன் சொத்தையெல்லாம் ஏலம் போட்டாலும் அது கட்டாதே என்கிறான். இவன் குரலைத் தாழ்த்திக்கொள்கிறான், கிறிஸ்டோபர் காதில் விழக் கூடாதாம்: சும்மா இரு, நான் மனசாரவா சொல்கிறேன்? தரையில் கால் வைத்துவிட்டால் கொழுப்புத்திரிகூடக் கிடையாது. நேர்த்திக்கடன் தெரிந்த ஊர்க்காரர்களுக்கு இதில் விளக்கம் எதற்கு? இந்த அமளியில் கைக்குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருக்கும் ஒரு பெண் மட்டும் கத்தவில்லை, பேரம் பேசவில்லை, மெதுவாக ஜெபிக்கிறாள். பலகை ஒன்றில் உட்காரவைத்து அனுப்புகிறார்கள். முதலில் கரை சேர்வது அவள்தான். 58 பேரில் பிழைத்தது 7 பேர்.

இரண்டாவது 'மடாதிபதியும் படித்த பெண்ணும்' (1524). மக்தாலியாவின் அறையில் புத்தகம் நிறைந்திருப்பதைப் பார்த்து மடாதிபதி அன்ட்ரோனியஸ் முகம் சுளிக்கிறார். பெண்களுக்கு நூற்புக்கழி போதாதா? அவருடைய மடத்தில் 62 துறவிகள், அவர் அறையில் ஒரு புத்தகமும் கிடையாது. துறவிகள் படிப்பதும் அவருக்குப் பிடிக்காது. படித்தால் எதிர்த்துப் பேசுகிறார்கள், சட்டத்தை எடுத்துக் காட்டுகிறார்கள். அவள் நிதானமாகப் பதில் சொல்கிறாள். இங்கிலாந்தில் மோர் வீட்டுப் பெண்களைப் பாருங்கள் என்கிறாள். நீங்கள் இப்படியே இருந்தால் இறையியல் பள்ளிகளில் நாங்கள் தலைமை தாங்குவோம், கோயிலில் பிரசங்கம் செய்வோம், உங்கள் மடாதிபதித் தொப்பியையும் பிடுங்கிக்கொள்வோம் என்று எச்சரிக்கிறாள். மோரின் மகள் மார்கரெட் அதே 1524இல் எராஸ்மஸின் பக்தி நூல் ஒன்றின் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டார். அதனால் இது வெறும் கற்பனைப் பெண்ணின் வாயடி இல்லை. மூன்றில் ஒன்றைத்தான் படிப்பேன் என்பவர்கள் இதைப் படியுங்கள்.

மூன்றாவது 'திருயாத்திரை' (1526), கொஞ்சம் நீளம். வால்சிங்காமில் மாதாவின் பால் என்று கண்ணாடிக்குள் சுண்ணாம்பு மாதிரி ஏதோ உறைந்து கிடக்கிறது. உலகம் முழுக்கக் காட்டப்படும் சிலுவைத் துண்டுகளைச் சேர்த்தால் ஒரு சரக்குக் கப்பலே நிறையும். கேன்டர்பரியில், கொலையுண்ட பேராயர் புனித பெக்கெட்டின் கைக்குட்டைக் கந்தலை மரியாதையாக எடுத்துக் கொடுக்கிறார்கள். கூடப் போன நண்பர் மூக்கைச் சுளித்துக் கீழே வைத்துவிடுகிறார். எராஸ்மஸ் அந்த இரண்டு இடங்களுக்கும் நிஜமாகவே போனவர். அந்த நண்பர் லண்டன் மதகுரு ஜான் கோலெட். இந்த ஒன்றைப் படிக்கும்போது மட்டும் சிரிப்போடு ஓர் உறுத்தலும் வரும். 1538இல் எட்டாம் ஹென்றியின் ஆட்கள் இரண்டு தலங்களையும் இடித்துத் தள்ளினார்கள், செல்வத்தை அரசன் எடுத்துக்கொண்டான். எராஸ்மஸ் கேட்டது திருத்தம், நடந்தது கொள்ளை. அவர் அதற்கு இரண்டு வருடம் முன்பே பாசலில் இறந்துபோனார்.

குறையும் சொல்லிவிடுகிறேன். 'உரையாடல்கள்' முழுத் தொகுப்பு கனமானது, எல்லாமே தேறாது. இறைச்சிக்காரனும் மீன்காரனும் விரதத்தைப் பற்றி வாதிடும் 'மீன் தின்பது' ஓரளவு சுவைத்துவிட்டு இழுக்கும். முதல் சுற்றில் விட்டுவிடலாம். நத்தேனியல் பெய்லியின் 1725 மொழிபெயர்ப்பு இணையத்தில் இலவசம், நடை பழசு, ஆனால் பேச்சின் துள்ளல் இருக்கிறது. கிரெய்க் தாம்சனின் மொழிபெயர்ப்பு தெளிவு, விலை ஜாஸ்தி. பல்கலைக்கழக நூலகத்தில் தேடலாம். 'மூடத்தனத்தின் புகழுரை'க்கு ஜான் வில்சனின் 1668 மொழிபெயர்ப்பு இலவசம். காசு போடுவதென்றால் பெட்டி ராடிஸ் என்பவரின் மொழிபெயர்ப்பு.

முகமூடிக்கு யார் என்ன விலை கொடுத்தார்கள் என்பதும் கணக்கில் வரும். ஹுட்டன் 1523இல், முப்பத்தைந்து வயதில், சூரிச் ஏரியில் ஒரு தீவில் நோயோடும் வறுமையோடும் செத்தார். கடைசிக் காலத்தில் எராஸ்மஸ் அவரைச் சந்திக்கக்கூட மறுத்துவிட்டார். எராஸ்மஸ் வாழ்ந்தவரை தப்பித்தார். 1559இல் போப் நான்காம் பவுலின் தடைநூல் பட்டியல் அவருடைய எல்லா எழுத்துகளையும் தடுத்தது, இலக்கணப் பாடம் உட்பட.

இந்த மூன்று உரையாடல்களையும், 'புகழுரை'யின் நடுப்பாகத்தையும் முடித்த பிறகும் பசி இருந்தால் 'சொர்க்கத்துக்கு வெளியே ஜூலியஸ்' என்ற சின்ன நாடகத்தைத் தேடுங்கள். போப் இரண்டாம் ஜூலியஸ் 1513இல் இறந்தார். சில வருடத்தில் பெயரில்லாமல் அச்சில் வந்தது. கவசத்தின்மேல் திருவுடை அணிந்து சொர்க்க வாசலுக்கு வருகிறார் ஜூலியஸ், தன் சாவியைப் போட்டுத் திருகுகிறார், திறக்கவில்லை. அது கஜானாச் சாவி. உள்ளேயிருந்து, சொர்க்க வாசலைக் காக்கும் பேதுரு, நீ யார், என்ன செய்தாய் என்று கேட்க, ஜூலியஸ் பேதுருவையே சபையிலிருந்து விலக்கிவிடுவதாக மிரட்டுகிறார். எழுதியது எராஸ்மஸ்தான் என்று அப்போதே ஊர் பேசியது, இன்றைக்கும் பெரும்பாலான அறிஞர்கள் அப்படித்தான் நினைக்கிறார்கள். அவரோ, இப்படி ஒன்றை நான் அச்சுக்குக் கொடுப்பேனா என்பது போலச் சுற்றி வளைத்தே பேசினார். நான்தான் எழுதினேன் என்று கடைசி வரை ஒப்புக்கொள்ளவில்லை.